வெட்ட மாட்டேன் என்ற எடிட்டர்

போன வாரம் இயக்குநர் வோத்தியேவை எங்கே விட்டுவிட்டு வந்தோம், நினைவிருக்கிறதல்லவா?

சிறை வாசலில்.

போலீஸ் கைப்பற்றிய 50 ரீல்களில் 17ஐ மட்டும் எப்படியோ மீட்டு, அந்தத் துண்டுகளை ஒட்டியே ‘ஆப்பிரிக்கா 50’ படத்தை முடித்தார். பள்ளிப் பிள்ளைகளுக்குப் பாடப்படம் எடுத்துவரச் சொல்லி அனுப்பிய பையன், பிரெஞ்சு ராணுவம் சுட்டுப் பொசுக்கிய கிராமத்தைப் படம்பிடித்து வந்துவிட்டான். அதற்குக் கிடைத்த பரிசு ஓராண்டுச் சிறை. “அப்புறம் என்ன ஆயிற்று?” என்று கேட்கிறவர்கள் கொஞ்சம் பொறுத்துக்கொள்ளுங்கள். அவரிடம் திரும்பி வருவோம். இப்போது பாரிஸில் இன்னொரு எடிட்டிங் அறையில் விளக்கு எரிகிறது. அங்கே நாம் போயே ஆகவேண்டும்.

கத்தரியே தொழில் என்று இருக்கிற ஒரு மனிதரிடம் அரசாங்கம் “வெட்டு” என்கிறது. அவர் “மாட்டேன்” என்கிறார்.

இந்த வாரக் கதை அவ்வளவுதான். ஆனால் அந்த “மாட்டேன்” வரை போய்ச் சேருவது லேசான காரியமில்லை.

அவர் பெயர் அலென் ரெனே. வோத்தியேவைப் போலவே இவரும் பிரித்தானி மண்ணில் பிறந்தவர். ஒற்றுமை அதோடு சரி. வோத்தியே பதின்ம வயதிலேயே நாஜிகளை எதிர்த்த தலைமறைவுக் குழுவில் இருந்து பதக்கம் வாங்கியவர். கோபக்காரர். ரெனே ஆஸ்துமாவால் பள்ளிக்குக்கூட ஒழுங்காகப் போகமுடியாமல் வீட்டில் இருந்து படித்தவர். கூச்ச சுபாவம். காமிக்ஸ் பைத்தியம். பன்னிரண்டு, பதின்மூன்று வயதில் கையில் கிடைத்த சின்ன கேமராவோடு தனக்குத் தானே விளையாடிக்கொண்டிருந்தவர்.

இந்த மனிதரா ஒரு பேரரசோடு மோதினார்?

மோத வேண்டும் என்று அவர் கிளம்பவே இல்லை. அதுதான் வேடிக்கை.

ரெனேவுக்குப் பெயர் வாங்கித் தந்தது ‘வான் கோ’ என்ற குறும்படம். வெறும் ஓவியங்களை மட்டும் வைத்துச் செய்தது. ஒரு மனிதர்கூட அதில் நடிக்கவில்லை. ஓவியத்தில் இருக்கும் ஒரு ஜன்னல், அடுத்து ஒரு நாற்காலி, அடுத்து ஒரு வயல் என்று துண்டு துண்டாக எடுத்து வரிசையாக ஒட்டினார். வரிசைதான் கதை சொன்னது. அசையாத ஓவியம் நடந்தது, தவித்தது, கடைசியில் பைத்தியம் பிடித்து அலறியது. அதற்கு ஆஸ்கார் கிடைத்தது.

அசையாத பொருளுக்கு உயிர் கொடுக்கத் தெரிந்த எடிட்டர். இப்படி ஒருவர்தான் அலியூன் தியோப்புக்குத் தேவைப்பட்டார்.

தியோப் செனகல்காரர். பிரெஞ்சு மேலவையில் உறுப்பினராக இருந்தவர். 1947இல் பாரிஸில் ‘பிரசான்ஸ் அஃப்ரிக்கேன்’ என்ற பத்திரிகையைத் தொடங்கினார். ‘ஆப்பிரிக்கா இங்கே இருக்கிறது’ என்று ஐரோப்பாவின் முகத்துக்கு நேரே சொல்வதுதான் அந்தப் பத்திரிகையின் வேலை. எழுத்தில் சொன்னது போதாது, படத்திலும் சொல்ல வேண்டும் என்று தியோப் நினைத்தார். ஆப்பிரிக்கச் சிற்பங்களையும் முகமூடிகளையும் பற்றி ஒரு ஆவணப்படம். கேட்டது அவ்வளவுதான். கலைப்படம். சாதுவான கோரிக்கை.

மூன்று நண்பர்கள் சேர்ந்தார்கள். எழுத்து க்ரிஸ் மார்க்கர். கேமரா கிஸ்லேன் க்ளோகே. எடிட்டிங் ரெனே. இயக்கம் என்று மூன்று பெயரையும் போட்டுக்கொண்டார்கள்.

சிற்பங்களைத் தேடிக் கிளம்பியதும் ரெனேவுக்கு ஒரு சந்தேகம் வந்தது.

கிரேக்கச் சிலை எங்கே இருக்கிறது? லூவ்ர் அருங்காட்சியகத்தில். எகிப்துச் சிலை? அதுவும் லூவ்ரில். ஆப்பிரிக்கச் சிலை மட்டும் ஏன் ‘மியூசே த லோம்’ என்ற வேறொரு கட்டடத்தில், மனித இனங்களைப் பற்றிய காட்சிப்பொருள்களோடு இருக்கிறது? அது கலை என்றால் கலைக்கூடத்தில் அல்லவா இருக்க வேண்டும்?

குழந்தை கேட்கிற மாதிரியான கேள்வி. அப்படிப்பட்ட கேள்விக்குப் பதில் சொல்லத்தான் பெரியவர்களுக்கு வியர்க்கும். யார் இந்தச் சிலையைக் கொண்டுவந்தார்? எப்படிக் கொண்டுவந்தார்? செய்தவர்கள் இப்போது எப்படி இருக்கிறார்கள்? ஒன்றைப் பிடித்து இழுத்தால் அடுத்தது தானாக வந்தது. லண்டனில் பிரிட்டிஷ் மியூசியத்துக்குப் போனார்கள். 1897இல் பிரிட்டிஷ் படை பெனின் நகரைச் சூறையாடி அள்ளிவந்த உலோக வார்ப்புகள் அடைந்துகிடக்கிற இடம் அது. பெல்ஜியத்தில் தெர்வூரன் காட்சியகத்துக்குப் போனார்கள். காங்கோவைச் சொந்தத் தோட்டமாக ஆண்ட ஒரு ராஜாவின் பெருமைக்காக எழுந்த இடம். இப்படிப்பட்ட கட்டடங்களுக்குள் நின்றுகொண்டு ‘அழகு, அழகு’ என்று மட்டும் படம் எடுக்க முடியுமா?

முடியவில்லை.

ஆனால் கேமரா பாய்ந்து சண்டை போடவில்லை. சிலைகளைக் கறுப்புப் பின்னணியில் நிறுத்தி, வெளிச்சத்தை மெல்ல நகர்த்தி, க்ளோகே பிரமாதமாக எடுத்துக் கொடுத்தார். சண்டை தொடங்கியது எடிட்டிங் மேசையில்தான்.

அந்த மேசைக்குப் பக்கத்தில் கொஞ்சம் நில்லுங்கள்.

ஒரு நொடிக்கு 24 கட்டங்கள். எந்தக் கட்டத்தில் வெட்டுவது என்று முன்னும் பின்னும் ஓட்டிப் பார்த்து மெழுகுப் பென்சிலால் குறி போட வேண்டும். இரண்டு கட்டங்களுக்கு நடுவில் உள்ள மெல்லிய கோட்டில் வெட்ட வேண்டும். வெட்டிய ஓரத்தில் படிந்திருக்கும் பூச்சைச் சுரண்ட வேண்டும். சுரண்டாவிட்டால் பசை பிடிக்காது. கொஞ்சம் அதிகமாகச் சுரண்டினால் பிலிம் பிய்ந்துவிடும். பிறகு தூரிகையில் பசையைத் தொட்டு ஒரே இழுப்பு. மேலே அடுத்த துண்டை வைத்து அழுத்திப் பிடித்துக் காத்திருக்க வேண்டும். ஒட்டு தப்பாகிவிட்டதா? பிரித்து, வெட்டி, மறுபடி சுரண்டு. ஒவ்வொரு தடவையும் ஒரு கட்டம் பலி. இன்றைக்கு ஒரு பட்டனை அமுக்கி ‘வேண்டாம்’ என்று திரும்பி வருகிறவர்களுக்கு இந்தப் பதற்றம் புரியாது. அன்றைக்கு எடிட்டர் ஒரு ஒட்டைப் போடுகிறார் என்றால், நன்றாக யோசித்துத்தான் போடுகிறார் என்று அர்த்தம்.

தெரியாமல் ஒட்டிவிட்டேன் என்று சொல்லவே முடியாது.

அந்த மேசைக்கு இரண்டு வகைத் துண்டுகள் வந்து சேர்ந்தன. ஒன்று, க்ளோகே எடுத்த சிலைகள். இன்னொன்று, பழைய செய்திப்படச் சுருள்கள். காலனிகளில் அதிகாரிகளின் பவனி, அணிவகுப்பு, தொழிற்கூடம், விளையாட்டு மைதானம். பெரும்பாலும் யாரோ பெருமையாக எடுத்தவை. பிரான்சின் சாதனை என்று தியேட்டர்களில் ஓடியவை.

ரெனே இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தார்.

படம் தயார். அரை மணி நேரம். பெயர், ‘சிலைகளும் சாகின்றன’.

1953. இனி அனுமதிச் சான்று வாங்க வேண்டியதுதான் பாக்கி. தணிக்கைக் கமிட்டி முன் படத்தைப் போட்டுக் காட்ட வேண்டும். கமிட்டியில் பாதிப் பேர் அமைச்சகங்களின் ஆட்கள். மறுபாதி சினிமாத் தொழிலைச் சேர்ந்தவர்கள். விளக்கு அணைகிறது.

இனி வரும் அரை மணி நேரம்தான் நம் கதையின் உயிர்நாடி. அவர்கள் இருட்டில் என்ன முணுமுணுத்தார்கள் என்பதை விட்டுத்தள்ளுங்கள். அவர்கள் கண்ணுக்கு முன்னால் என்ன ஓடியது என்று பார்ப்போம்.

முதலில் அருங்காட்சியகம். பார்வையாளர்கள் வருகிறார்கள், கண்ணாடிப் பேழைக்குள் எட்டிப் பார்க்கிறார்கள், நகர்கிறார்கள். அவர்களில் ஒரு கறுப்பினப் பெண்ணும் நின்று பார்க்கிறாள். பிறகு சிலைகள். முகமூடிகள். வெளிச்சம் ஒரு கன்னத்தில் ஏறி நெற்றியில் இறங்குகிறது. பின்னணியில் மார்க்கரின் எழுத்து, நிதானமான ஒரு குரலில். இதில் எந்த அமைச்சகத்துக்கு என்ன மனக்கசப்பு வரப்போகிறது? நாற்காலியில் சாய்ந்து உட்கார்ந்திருப்பார்கள். தரமான கலைப்படம், பிரான்சுக்குப் பெருமை.

பாதி தாண்டுகிறது.

சிலை செய்த கைகள் இப்போது சந்தைக்காக ஒரே அச்சில் பொம்மைகளைச் செய்கின்றன. வழிபாட்டுக்கு இருந்த பொருள் அலமாரிக்கு அழகுப் பொருளாகிறது. வெள்ளை அதிகாரி வருகிறார். அணிவகுப்பு நடக்கிறது. குரல் அதே நிதானத்தில்தான் பேசுகிறது. ஆனால் அந்த நிதானத்துக்குள் ஏளனம் புகுந்துவிட்டது.

இப்போது யாரோ ஒருவர் நிமிர்ந்து உட்கார்ந்திருக்க வேண்டும்.

கூடைப்பந்து மைதானம். ஹார்லெம் குளோப்டிராட்டர்ஸ் அணி. கூட்டம் ஆர்ப்பரிக்கிறது. குத்துச்சண்டை மேடை. சுகர் ரே ராபின்சன். கறுப்பு மனிதன் வேடிக்கை காட்டினால் வெள்ளைக் கூட்டம் கைதட்டுகிறது. சரி, அதில் தப்பென்ன? அடுத்து ஒரு டிரம் வாசிப்பவர். குச்சி எழும்புகிறது, விழுகிறது. வெட்டு. போராட்டக்காரர்கள் மேல் அடி விழுகிறது. வெட்டு. டிரம். வெட்டு. அடி. டிரம். அடி.

எந்தச் சத்தம் எதனுடையது என்று பிரிக்க முடியவில்லை.

விளக்கு போட்டார்கள்.

அனுமதி இல்லை!

ஏன்? இங்கேதான் அந்தக் கமிட்டியின் நிலைமையை நினைத்துப் பார்க்க வேண்டும். அவர்களை வில்லன்களாக்கிவிடுவது சுலபம். எனக்கு அதில் விருப்பமில்லை. இந்தோசீனாவில் பிரான்ஸ் தோற்றுக்கொண்டிருந்த நேரம் அது. வட ஆப்பிரிக்கா புகைந்துகொண்டிருந்தது. நம் புதுச்சேரியிலும் அப்போது பிரெஞ்சுக் கொடிதான். அடுத்த ஆண்டு நவம்பர் முதல் தேதி அந்தக் கொடி அங்கே இறங்கியது. அதே நாளில் அல்ஜீரியாவில் போர் வெடித்தது. ஒரே நாள்! கட்டடம் ஆடும்போது காவலுக்கு உட்கார்ந்தவர்கள் என்ன செய்வார்கள்? ஜன்னலைச் சாத்துவார்கள்.

அவர்களுக்கு உறுத்தியது முற்பாதி அல்ல. பிற்பாதிதான்.

ஆனால் ஒரு சிக்கல். பிற்பாதியில் எந்தக் காட்சி குற்றம்? குத்துச்சண்டையா? அது விளையாட்டுச் செய்தி. கூடைப்பந்தா? பொழுதுபோக்கு. டிரம்மா? சங்கீதம். அதிகாரிகளின் பவனியா? அது அரசாங்கத்தின் பெருமை ஆயிற்றே! தனித்தனியாக எடுத்துக் காட்டினால் ஒன்றின் மேலும் விரல் வைக்க முடியாது.

குற்றம் ஒட்டில் இருந்தது.

இரண்டு படங்களுக்கு நடுவில், சுரண்டிப் பசை தடவிய அந்த மயிரிழை இடத்தில். அங்கே எதுவும் தெரியாது. ஆனால் அங்கேதான் எல்லாமே சொல்லப்பட்டிருந்தது. அதைத் தணிக்கை செய்ய எந்தச் சட்டத்திலும் வாசகம் இல்லை. அதனால் மொத்தமாகத் தூக்கிப் போடத்தான் முடியும்.

இப்போது பந்து ரெனேவிடம் வருகிறது.

யோசித்துப் பாருங்கள். சான்று இல்லையென்றால் தியேட்டர் இல்லை. தியேட்டர் இல்லையென்றால் ஒரு சல்லிக்காசு வராது. வருடக்கணக்கான உழைப்பு டப்பாவுக்குள் போகும். அடுத்த படத்துக்கு யார் பணம் தருவார்கள்? பிற்பாதியை எடுத்துவிட்டால் போதும். அழகான, மனசை வருடுகிற, விருதுக்குத் தகுதியான ஒரு கலைப்படம் மிஞ்சும். தியோப் முதலில் கேட்டதும் அந்த மாதிரிப் படத்தைத்தானே என்று மனசுக்குச் சமாதானம் சொல்லிக்கொள்ளலாம். வெட்டுவதற்கு வெளியாள்கூட வேண்டாம். வெட்டுகிற கை வீட்டிலேயே இருக்கிறது.

கத்தரியும் மேசை மேலேயே இருந்தது.

வெட்டவில்லை.

மார்க்கருக்கு அரசியல் தெளிவாக இருந்தது. அவர் மறுத்ததில் ஆச்சரியமில்லை. ஆனால் ரெனே? கூட்டத்தில் கை தூக்கக் கூச்சப்படுகிறவர். கொடி பிடிக்காதவர். இவர் ஏன்?

என் கணக்கு இது. கொள்கைக்காரன் மறுப்பது ஒரு வகை. தொழில்காரன் மறுப்பது இன்னொரு வகை. தான் போட்ட ஒட்டு சரியான ஒட்டு என்று ரெனேவுக்குத் தெரியும். பிற்பாதி போனால் முற்பாதி பொய்யாகிவிடும். சிலைகள் எப்படிச் செத்தன என்று சொல்லாமல் அவற்றின் அழகை மட்டும் காட்டினால், அதுவும் ஒரு கண்ணாடிப் பேழைதான். எந்தக் கேள்வியோடு கிளம்பினாரோ அதே பேழைக்குள் தன் படத்தையும் வைத்துப் பூட்ட அவருக்கு மனம் வரவில்லை.

படம் டப்பாவுக்குள் போனது.

கதை முடிந்தது என்று நினைத்தார்கள் கமிட்டிக்காரர்கள். முடிந்ததா?

1954இல் ஒரு அறிவிப்பு வந்தது. அந்த ஆண்டின் ழான் விகோ விருது ‘சிலைகளும் சாகின்றன’ படத்துக்கு! பிரான்சில் எந்தத் தியேட்டரிலும் ஓடமுடியாத படத்துக்குப் பிரான்சின் மதிப்புமிக்க விருதுகளில் ஒன்று. அதிலும் யார் பெயரில் உள்ள விருது பாருங்கள். ழான் விகோ எடுத்த பள்ளிக்கூடப் படம் ஒன்றை 1933இல் தடைசெய்தார்கள். தடை நீங்குவதைப் பார்க்க அவர் உயிரோடு இருக்கவில்லை. உலகப் போர் முடிந்த பிறகுதான் தடை போனது. தடைபட்டவரின் பெயரால் தடைபட்டவர்களுக்கு விருது. கொடுத்தவர்களுக்குக் குறும்பு கொஞ்சம் அதிகம்தான்.

கமிட்டி அசையவில்லை.

ஆண்டுகள் ஓடின. 1960இல் மட்டும் ஆப்பிரிக்காவில் 17 நாடுகள் விடுதலை பெற்றன. அவற்றில் பெரும்பாலானவை பிரான்சின் பிடியில் இருந்தவை. செனகலும் அதில் உண்டு. தியோப்பின் ஊர் விடுதலை பெற்றுவிட்டது. தியோப்பின் படம் பெறவில்லை.

அடுத்த ஆண்டு மார்க்கர் ஒரு வேலை செய்தார். தன் படங்களுக்கு எழுதிய உரைகளைத் தொகுத்துப் புத்தகமாகப் போட்டார். ‘சிலைகளும் சாகின்றன’ உரையும் அதற்குள் இருந்தது! பாரிஸ் கடைகளில் யார் வேண்டுமானாலும் காசு கொடுத்து வாங்கலாம். தடையில்லை, வழக்கில்லை. சொற்களை அச்சடிக்கலாம். காட்சிகளைத் தனித்தனியே செய்திப்படத்தில் காட்டலாம். இரண்டையும் ரெனே ஒட்டிய மாதிரி ஒட்டினால்தான் ஆபத்து. கமிட்டிக்காரர்களே எடிட்டிங் கலைக்குக் கொடுத்த இதைவிடப் பெரிய நற்சான்றிதழ் எனக்குத் தெரிந்து வேறில்லை.

1963இல் ஒருவழியாகக் கதவு திறந்தது. பாதிதான். வெட்டுப்பட்ட படத்துக்கு மட்டும் அனுமதி. முழுப்படத்தைப் பிரெஞ்சுப் பொதுமக்கள் திரையில் பார்த்தது 1968 நவம்பரில். அதற்குள் பேரரசே அருங்காட்சியகப் பொருளாகிவிட்டது.

  

ஆக, ரெனே வளையாத மனிதர். வெட்டச் சொன்னால் வெட்டாதவர். அப்படித்தானே முடிவுக்கு வருகிறீர்கள்?

அவசரப்படாதீர்கள்.

‘சிலைகளும் சாகின்றன’ டப்பாவில் கிடக்கும்போதே ரெனே அடுத்த படத்தை முடித்தார். நாஜி வதைமுகாம்களைப் பற்றிய ‘இரவும் மூடுபனியும்’. இம்முறை எதிரி ஜெர்மனி. செத்தவர்கள் லட்சக்கணக்கில். யார் தடுக்கப் போகிறார்கள்?

மறுபடி தணிக்கைக் கமிட்டி. மறுபடி இருட்டு. படம் ஓடுகிறது. பிணக்குவியல்களைப் பார்த்தார்கள். எலும்புகளைப் பார்த்தார்கள். ஆனால் ஒரே ஒரு புகைப்படம் வந்ததும் துள்ளி எழுந்தார்கள்.

அந்தப் புகைப்படத்தில் பிணம் இல்லை. ரத்தம் இல்லை. ஒரு முகாம். காவல் கோபுரத்தில் முதுகைக் காட்டி நிற்கும் ஒரு ஆள். அவன் தலையில் ஒரு தொப்பி.

அந்தத் தொப்பி ஜெர்மன் தொப்பி இல்லை.

“இதை எடுத்துவிடுங்கள்” என்றார்கள். இந்தத் தடவை ரெனே கத்தரியைத் தொடவில்லை. “மாட்டேன்” என்று படத்தை டப்பாவில் போட்டு மூடவும் இல்லை. அவர் கேட்டது வேறு.

வண்ணம் தீட்டும் தூரிகை!

(அடுத்த வாரம்: அந்தத் தொப்பி யாருடையது?)